வாழ்வும் படைப்பும்: ஹெமிங்வே பற்றிய திறனாய்வுகளும் ப. சிங்காரம் பற்றிய ஆய்வுக்கு அவை தரும் வெளிச்சமும்

முன்னுரை

ஜொகூர் மாநிலத்தின் சிகாமட் மாவட்டத்தில், கெமாஸ் – ஜொகூர் பாரு இரயில் பாதையில் அமைந்த சிற்றூர் பெக்கோக். அவ்வட்டாரத் தமிழாசிரியர் சிலரோடு நாவல் கற்பித்தல் குறித்து உரையாட ஒரு வாய்ப்புக் கிட்டியது. அப்போது ஆசிரியர் ஒருவர் எழுப்பிய வினாவே இக்கட்டுரைக்கு அடிப்படை. "நாவலாசிரியர் பிறந்த ஊர், பெற்றோர், பெற்ற பரிசுகள் ஆகியவற்றை முதல் பாடத்தில் சொல்லிவிடுகிறோம். அதன்பின் நாவலுக்குள் நுழைகிறோம். இரண்டுக்கும் இடையே என்ன தொடர்பு என்று மாணவர் கேட்டால் என்ன விடை சொல்வது?" என்பதே அவ்வினா.

எளிய வினாவாகத் தோன்றினும் இருபதாம் நூற்றாண்டுத் திறனாய்வு உலகம் நெடுங்காலம் வாதிட்ட வினா இது. அவ்வாதத்தின் பல படிநிலைகளையும் ஒரே எழுத்தாளரை வைத்துக் காண வேண்டுமாயின் அமெரிக்க நாவலாசிரியர் எர்னஸ்ட் ஹெமிங்வேயை (1899–1961) எடுத்துக்கொள்ளலாம். அவர் வாழ்வையும் படைப்பையும் பற்றி எழுந்த ஆய்வுகள் ஒரு நூலகத்தையே நிரப்பக்கூடியவை. தமிழில் அவரோடு ஒப்பவைத்து எண்ணத்தக்க ஒருவர் நம் நிலப்பகுதியோடு நெருங்கிய தொடர்புடையவர். மேடானையும் பினாங்கையும் தமிழ் நாவலின் களமாக்கியவர். ஹெமிங்வேயை விரும்பிப் படித்தவர். அவர் ப. சிங்காரம் (1920–1997). அவரைப் பற்றிய ஆய்வோ இன்னும் தொடக்க நிலையைத் தாண்டவில்லை.

ஹெமிங்வே பற்றிய திறனாய்வுகள் கடந்து வந்த பாதையைச் சுருக்கமாக விளக்கி, அதன் வெளிச்சத்தில் சிங்காரத்தின் வாழ்வையும் படைப்பையும் எவ்வாறு அணுகலாம், எவ்வாறு அணுகலாகாது என்பதைக் காட்டுவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஹெமிங்வே: திறனாய்வின் தொடக்கம்

ஹெமிங்வே 1899ஆம் ஆண்டு ஜூலை 21ஆம் நாள் சிக்காகோவை அடுத்த ஓக் பார்க்கில் பிறந்தார். முதல் உலகப்போரில் செஞ்சிலுவைச் சங்கத்தின் மருத்துவ ஊர்தி ஓட்டுநராக இத்தாலி சென்று, 1918 ஜூலை 8ஆம் நாள் போர்முனையில் படுகாயமுற்றார். மிலான் மருத்துவமனையில் அவருக்குப் பணிவிடை செய்த செவிலியரிடம் காதல் கொண்டார், அக்காதல் நிறைவேறவில்லை. 1929இல் வெளிவந்த 'எ ஃபேர்வெல் டு ஆர்ம்ஸ்' என்ற நாவலில் ஃபிரெடரிக் ஹென்றி என்னும் அமெரிக்க இளைஞன் இத்தாலியப் படையின் மருத்துவ ஊர்திப் பிரிவில் பணியாற்றுகிறான், காயமுறுகிறான், மிலான் மருத்துவமனையில் செவிலி கேத்தரினோடு அவன் காதல் வளர்கிறது. வாழ்க்கையும் கதையும் இவ்வளவு நெருங்கி நிற்கும்போது, கதை வாழ்க்கையின் படியே என்று வாசகர் கருதியதில் வியப்பில்லை.

1952ஆம் ஆண்டு இரு முக்கிய நூல்கள் வெளிவந்தன. ஒன்று, கார்லோஸ் பேக்கர் எழுதியது. அது ஹெமிங்வேயைச் சொற்கலைஞராகக் கண்டு, மலை, சமவெளி, மழை போன்றவை நாவலில் பெறும் குறியீட்டுப் பொருளை விளக்கியது. மற்றொன்று, பிலிப் யங் எழுதியது. ஹெமிங்வே 1918இல் பெற்ற காயமே அவருடைய எழுத்துகள் அனைத்துக்கும் ஊற்று என்பது யங்கின் கோட்பாடு. உடற்புண் ஆறினும் உளப்புண் ஆறவில்லை. அப்புண்ணை ஆற்றிக்கொள்ளும் முயற்சியாகவே ஒவ்வொரு கதையும் எழுதப்பட்டது. கதைத்தலைவர்களின் பெயர்கள் மாறினாலும் அவர்கள் எல்லாரும் காயமுற்ற ஒரே மனிதனின் வடிவங்கள் என்று அவர் வாதிட்டார். உயிரோடிருந்த ஹெமிங்வே இதனை விரும்பவில்லை. தம் நூல்களிலிருந்து மேற்கோள் காட்ட அவருக்கு இசைவளிக்கத் தயங்கி, நீண்ட இழுபறிக்குப் பின்னரே இசைந்தார்.

யங்கின் கோட்பாடு கவர்ச்சி மிக்கது. ஒரு திறவுகோலால் எல்லாக் கதவுகளையும் திறக்கலாம் என்ற நம்பிக்கையை அது தந்தது. ஆசிரியர்களுக்கும் அது வசதியாக இருந்தது. ஒரு வாழ்க்கை நிகழ்ச்சியைச் சொல்லிவிட்டால் போதும், பத்துக் கதைகளுக்கு விளக்கம் கிடைத்துவிடும். அந்த வசதியே அதன் குறையும் ஆகும். எல்லாவற்றையும் ஒரே காரணத்தால் விளக்கும் கோட்பாடு, ஒரு படைப்புக்கும் மற்றொரு படைப்புக்கும் உள்ள வேறுபாட்டை விளக்கும் ஆற்றலை இழந்துவிடுகிறது.

காணாத போரும் எழுதிய போரும்

இந்நிலையை மாற்றியது மைக்கேல் ரெனால்ட்ஸ் 1976இல் வெளியிட்ட ஆய்வு. 'எ ஃபேர்வெல் டு ஆர்ம்ஸ்' நாவலின் உச்சப் பகுதி, கப்போரெட்டோவிலிருந்து இத்தாலியப் படை பின்வாங்குவதைக் காட்டுவது. மழை, சேறு, சிதறி ஓடும் வீரர், கைவிடப்பட்ட ஊர்திகள் என்று நேரில் கண்டவரே எழுதியது போன்ற துல்லியம் அதில் உண்டு. ஆயின், அப்பின்வாங்கல் நிகழ்ந்தது 1917 அக்டோபர், நவம்பர் மாதங்களில். ஹெமிங்வே இத்தாலி சென்று சேர்ந்ததோ 1918 ஜூனில். தாம் காணாத போரைத்தான் அவர் அத்துணை உயிரோட்டத்தோடு எழுதினார்.

எவ்வாறு எழுதினார்? போர் வரலாறுகளையும் நிலப்படங்களையும் அவர் துணைக்கொண்டதை ரெனால்ட்ஸ் ஆராய்ந்து காட்டினார். 1922இல் செய்தியாளராகச் சென்றபோது திரேஸ் பகுதியில் கிரேக்க அகதிகள் மழையில் நடந்து வெளியேறியதை ஹெமிங்வே கண்டிருந்தார். ஓரிடத்தில் கண்ட காட்சி வேறோரிடத்துக் கதைக்கு உரமாயிற்று. வாழ்க்கை படைப்புக்குள் வருகிறது என்பது உண்மையே. ஆனால் அது நேர்வழியில் வருவதில்லை என்பதையே இவ்வாய்வு நிறுவியது.

இத்தகைய ஆய்வுக்குத் துணைநின்றவை ஆவணங்கள். ஹெமிங்வேயின் கையெழுத்துப் படிகளும் கடிதங்களும் பாஸ்டன் நகரின் கென்னடி நூலகத்தில் வைக்கப்பட்டு, 1980இல் அதற்கெனத் தனி அறை திறக்கப்பட்டது. நாவலின் இறுதியை எத்தனை முறை அவர் மாற்றி எழுதினார் என்பதைக்கூட இன்று எண்ணிச் சொல்ல முடிகிறது. 1958இல் வெளிவந்த நேர்காணலில் 39 முறை என்று அவரே கூறினார். 2012இல் வெளிவந்த பதிப்பு 47 மாற்று முடிவுகளைத் தந்தது. அவருடைய கடிதங்கள் 17 தொகுதிகளாகத் திட்டமிடப்பெற்று 2011 முதல் வெளிவருகின்றன. அவர் மறைவுக்குப் பின் 1986இல் வெளியான 'தி கார்டன் ஆஃப் ஈடன்' நாவல், ஆண்மை பற்றி அதுவரை நிலவிய ஹெமிங்வே படிமத்தையே மறுபரிசீலனை செய்யத் தூண்டியது. புதிய ஆவணம் கிடைக்குந்தோறும் பழைய முடிவு திருத்தம் பெறுகிறது. அத்திருத்தத்தை ஆய்வுலகம் இயல்பாக ஏற்றுக்கொள்கிறது.

ப. சிங்காரம்: வாழ்க்கைக் குறிப்பு

இனித் தமிழுக்கு வருவோம். ப. சிங்காரம் 1920இல் சிங்கம்புணரியில் பிறந்தார். சிங்கம்புணரியிலும் மதுரையிலும் பள்ளிக் கல்வி பெற்று, 1938இல் தம் 18ஆம் வயதில் கப்பலேறிச் சுமத்திராவின் மேடான் நகருக்குச் சென்று வட்டிக்கடை ஒன்றில் பணியில் அமர்ந்தார். இடையில் ஒருமுறை ஊர் வந்து மீண்டும் மேடான் திரும்பினார். பின்னர் அங்கு மராமத்துத் துறையில் பணியாற்றினார். போர்க்காலத்தில் மேடானுக்கும் பினாங்குக்கும் இடையே வணிகத்தில் ஈடுபட்டார். மேடானில் மணம் புரிந்துகொண்டார். தலைப்பிரசவத்தில் மனைவியையும் குழந்தையையும் இழந்தார். 1946இல் தாயகம் திரும்பினார். 1947 முதல் 1987 வரை மதுரைத் 'தினத்தந்தி'யில் பணியாற்றினார். மறுமணம் செய்துகொள்ளாமல் மதுரை ஒய்.எம்.சி.ஏ. விடுதி அறையிலேயே நெடுங்காலம் தனித்து வாழ்ந்தார். தம் சேமிப்பை ஏழை மாணவர் கல்விக்கென வழங்கிவிட்டு, 1997 டிசம்பர் 30ஆம் நாள் மறைந்தார்.

அவர் எழுதிய நாவல்கள் இரண்டே. 1950இல் எழுதப்பட்ட 'கடலுக்கு அப்பால்', கலைமகள் இதழின் நாவல் போட்டியில் பரிசு பெற்று 1959இல் வெளிவந்தது. 1962 அளவில் எழுதப்பட்ட 'புயலிலே ஒரு தோணி', பதிப்பாளர் கிடைக்காமல் பத்தாண்டுகள் காத்திருந்து 1972இல்தான் அச்சேறியது. வெளிவந்த பின்னரும் பெரிதாகப் பேசப்படவில்லை. 1980களில் திறனாய்வாளர் சி. மோகன் அதனைத் தமிழின் தலையாய நாவல்களுள் ஒன்றாக முன்வைத்தார். ந. முருகேசபாண்டியன் அவரைச் சந்தித்து நேர்காணல் பதிவு செய்தார். ஜெயமோகன் அந்நாவலைப் பற்றி விரிவாக எழுதினார். இரு நாவல்களும் ஒரே தொகுப்பாகத் தமிழினி பதிப்பகத்தால் வெளியிடப்பட்டபோது ஆண்டு 1999. ஆசிரியர் மறைந்து ஈராண்டுகள் ஆகியிருந்தன.

இவ்விரு வாழ்க்கைகளுக்கும் இடையேயுள்ள வேற்றுமை கருதத்தக்கது. ஹெமிங்வே 1954இல் நோபல் பரிசு பெற்று, உயிரோடிருந்தபோதே உலகறிந்த உருவமாகத் திகழ்ந்தார். அவரை ஆராய்வோரின் இடர், செய்திகள் மிகுதியாக இருப்பது. சிங்காரத்தை ஆராய்வோரின் இடர், செய்திகள் அருகியிருப்பது. மிகுதியும் அருமையும் ஆய்வாளரை ஒரே பிழைக்கு இட்டுச் செல்லக்கூடும் என்பதைப் பின்வரும் பகுதி விளக்கும்.

இரு பொறிகள்

முதற்பொறி, கதைத்தலைவனை ஆசிரியனாகவே கொள்வது. 'புயலிலே ஒரு தோணி'யின் பாண்டியன் மேடான் வட்டிக்கடையில் பணியாற்றுகிறான்; தொங்கானில் கடல் கடந்து பினாங்கு வருகிறான்; இந்திய தேசிய இராணுவத்தில் சேருகிறான்; போர் முடிந்தபின் இந்தோனேசிய விடுதலைப் போராளிகளோடு இணைந்து டச்சுக்காரரை எதிர்க்கிறான்; ஊர் திரும்பாமலேயே மடிகிறான். வட்டிக்கடையும் கடற்பயணமும் சிங்காரத்தின் வாழ்வில் உள்ளவை. எனவே படைவாழ்க்கையும் அவர் வாழ்ந்ததே என்று எண்ணத் தோன்றும். ஆனால் அறியப்பட்ட வாழ்க்கைக் குறிப்புகள் அவரைக் கடை ஊழியராகவும் அலுவலராகவும் வணிகராகவுமே காட்டுகின்றன. பாசறை வாழ்வும் கொரில்லாத் தாக்குதலும் கேட்டறிந்தும் படித்தறிந்தும் கற்பனையால் நிரப்பியும் எழுதப்பட்டவை என்று கொள்வதே இன்றைய நிலையில் பொருந்தும். ஹெமிங்வேயின் கப்போரெட்டோவை இங்கு நினைத்துக்கொள்ள வேண்டும். காணாததை எழுதுவது நாவலாசிரியனின் குறையன்று. அதுவே அவன் தொழில்.

இரண்டாம் பொறி இன்னும் நுட்பமானது. சிங்காரம் தம் நேர்காணலில் தம்மைக் கவர்ந்த நாவலாக 'எ ஃபேர்வெல் டு ஆர்ம்ஸ்' நூலைச் சிறப்பாகக் குறிப்பிட்டுள்ளார். அந்நாவலின் இறுதியில் கேத்தரின் பிரசவத்தில் இறக்கிறாள். குழந்தையும் இறந்தே பிறக்கிறது. சிங்காரத்தின் மனைவிக்கும் குழந்தைக்கும் நேர்ந்த முடிவும் அதுவே. இவ்விரு செய்திகளையும் அருகருகே வைத்தவுடன், அந்த இழப்பினால்தான் அந்நாவல் அவரைக் கவர்ந்தது என்றும், அந்தத் துயரே அவர் எழுத்தின் ஊற்று என்றும் ஒரு முடிவு தானாகவே உருவாகிவிடும். பிலிப் யங்கின் புண் கோட்பாடு தமிழுக்கு வந்து சேர்ந்துவிடும்.

இம்முடிவுக்கு ஆதாரம் உண்டா? அவர் அந்நாவலைப் படித்தது முன்னா, மனைவியை இழந்தது முன்னா என்பது நிறுவப்படாதவரை இதனைக் காரணமாகக் கூற இயலாது. மேலும், சிங்காரத்தின் இரு நாவல்களுக்கும் மையமாக இருப்பது பிரசவ மரணம் அன்று. அவர் தம் வாழ்வின் மிகப்பெரிய இழப்பைக் கதையின் மையமாக்கவில்லை. எழுதியதிலிருந்து வாழ்க்கையை ஊகிப்பதே கடினம். எழுதாமல் விட்டதிலிருந்து ஊகிப்பது அதனினும் கடினம். இவ்விடத்தில் ஆய்வாளர் செய்யத்தக்கது, அவ்வொற்றுமையைப் பதிவு செய்துவிட்டு முடிவு கூறாமல் நிறுத்திக்கொள்வதே. ஒப்பிட்டு நோக்குக: ஹெமிங்வே அந்நாவலின் முதற்படியை எழுதிக்கொண்டிருந்த 1928 ஜூனில் அவருடைய மனைவி அறுவை மருத்துவத்தின் மூலம் மகனைப் பெற்றெடுத்தார், தாயும் சேயும் நலமுற்றனர். அங்கு நாள்களும் படிகளும் கிடைப்பதால், அனுபவம் எவ்வாறு மாற்றம் பெற்றுக் கதையாயிற்று என்று பேச முடிகிறது. இங்கு அவை இல்லாமையால் பேச முடியவில்லை. ஆவணம் இல்லாத இடத்தில் அடக்கமே ஆய்வறம்.

தாக்கம் என்பது யாது?

ஹெமிங்வேயின் தாக்கம் சிங்காரத்திடம் உண்டு என்பது பலரும் கூறுவது. அதனை ஏற்கும்போது தாக்கம் என்ற சொல்லின் பொருளை வரையறுத்துக்கொள்ள வேண்டும். நடையில் இருவரும் எதிரெதிர்த் துருவங்கள். கடலில் மிதக்கும் பனிப்பாறையின் எட்டில் ஒரு பங்கே வெளியே தெரிவதுபோல, எழுத்திலும் பெரும்பகுதி மறைந்திருக்க வேண்டும் என்பது ஹெமிங்வே 1932இல் விளக்கிய கொள்கை. சிங்காரத்தின் நடையோ வெள்ளம். மதுரைத் தெருக்களின் நினைவுகள், பழந்தமிழ் இலக்கியத்தை நையாண்டி செய்யும் உரையாடல்கள், மலாய், டச்சு, சீனச் சொற்கள், கப்பல்துறைக் கொச்சை, வட்டிக்கடை வழக்கு எல்லாம் கரைபுரண்டு வருகின்றன. ஒருவர் சொற்களை விலக்கி எழுதியவர். மற்றவர் சொற்களைச் சேர்த்து எழுதியவர்.

ஒற்றுமை வேறிடத்தில் உள்ளது. போரைப் புகழ்ச் சொற்களின்றி நோக்கும் கண்ணே அது. வீரம், தியாகம் முதலிய பெருஞ்சொற்களின்மேல் இருவருக்கும் ஐயம் உண்டு. இந்திய தேசிய இராணுவத்தைப் பற்றி எழுதும்போது தமிழ் எழுத்தாளர் பலரும் உணர்ச்சிப் பெருக்கில் ஆழ்ந்துவிடுவர். சிங்காரம் அதனை மனிதர் கூடிய ஓர் அமைப்பாகவும், அவ்வமைப்புக்கு உரிய பூசல்களோடும் காட்டினார்.

எனினும், இங்கும் ஒரு திருப்பம் உண்டு. ஹெமிங்வேயின் ஹென்றி போரைத் துறந்து, தனக்கெனத் தனியே ஓர் அமைதி செய்துகொண்டு, காதலியோடு சுவிட்சர்லாந்துக்குச் சென்றுவிடுகிறான். பாண்டியனுக்கு அத்தகைய வெளியேற்றம் இல்லை. ஒரு போர் முடிந்ததும் தனக்கு உரியதல்லாத இன்னொரு நாட்டின் போருக்குள் செல்கிறான். 'கடலுக்கு அப்பால்' நாவலின் செல்லையா படையிலிருந்து திரும்பிப் பினாங்கில் பழைய வாழ்வைத் தொடர முயல்கிறான். மரகதத்தின்மேல் கொண்ட காதல் கைகூடவில்லை. துப்பாக்கி ஏந்திய கை கணக்குப் பேரேட்டுக்கு ஆகாது என்று கருதுகிறது முதலாளியின் உலகம். பெட்டியடிப் பையன், அடுத்தாள், மேலாள் என்று படிப்படியாகப் பணிந்து உயரும் வட்டிக்கடை ஒழுங்கில், நிமிர்ந்து நிற்கப் பழகியவனுக்கு இடமில்லை. போரிலிருந்து திரும்பியவனின் தனிமை ஹெமிங்வேயும் எழுதிய பொருளே. ஆனால் அதனைப் புலம்பெயர்ந்த தமிழ் வணிகச் சமூகத்தின் பொருளியல் அமைப்போடு பிணைத்துக் காட்டியது சிங்காரத்தின் தனித்தன்மை. தாக்கம் என்பது தூண்டுகோல்; விளக்கில் எரியும் எண்ணெய் அவரவர் நிலத்தில் ஆட்டியது.

சிங்காரம் எவ்விலக்கியத்துக்கு உரியவர்?

மலேசியத் தமிழ் இலக்கிய மாணவருக்கு இயல்பாக எழும் வினா இது. அவர் தமிழகத்தில் பிறந்தார், தமிழகத்தில் எழுதினார், தமிழகத்தில் மறைந்தார். ஆயின் அவர் நாவல்களின் களம் மேடானும் பினாங்கும் மலாக்கா நீரிணையும். அவரை மலேசிய எழுத்தாளர் என்பது பொருந்தாது. மலாயாத் தமிழர் வரலாற்றுக்குத் தொடர்பில்லாதவர் என்பதும் பொருந்தாது. ஸ்பெயினையும் கியூபாவையும் களமாக்கியதால் ஹெமிங்வே அமெரிக்க எழுத்தாளர் அல்லாமற் போகவில்லை. அவ்வாறே அந்நாடுகளின் வாசகர் அவர்பால் உரிமை கொண்டாடுவதையும் எவரும் தடுக்கவில்லை.

ஆனால் இவ்வுரிமையைக் கொண்டாடும்போது ஓர் உண்மையை மறத்தலாகாது. சிங்காரம் காட்டும் மலாயா கடைத்தெருவின் மலாயா. வட்டிக்கடை, துறைமுகம், பாசறை ஆகியவற்றின் மலாயா. பெக்கோக் போன்ற ஊர்களின் மலாயா வேறு. அது பால்மரத் தோட்டங்களின் மலாயா. 1942 ஜனவரியில் கெமாஸ், சிகாமட் வழியே ஜப்பானியப் படை தெற்கு நோக்கி நகர்ந்ததைக் கண்ட மலாயா. சயாம் – பர்மா இரயில் பாதை அமைப்பதற்காகத் தோட்டப் பாட்டாளிகளை இழந்த மலாயா. அந்த மலாயாவை ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' முதலிய நாவல்களில் காண்கிறோம். ஒரே போரைப் பற்றிய இவ்விரு வகை நாவல்களையும் இணைத்துக் கற்பிக்கும்போதுதான் மாணவருக்கு முழுச் சித்திரம் கிடைக்கும்.

வகுப்பறைக்கு ஒரு நெறி

ஆசிரியர் எழுப்பிய வினாவுக்கு இப்போது விடை கூறலாம். நாவலாசிரியர் வாழ்வையும் படைப்பையும் இணைக்க விரும்பும் ஆசிரியர், மூன்று வினாக்களை இவ்வரிசையிலேயே எழுப்பலாம்.

முதலாவது, நூல் என்ன சொல்கிறது? வாழ்க்கைக் குறிப்பைப் பின்னுக்கு வைத்து, முதலில் நாவலை நாவலாகவே படிக்கச் செய்தல் வேண்டும். எடுத்துக்காட்டாக, தொங்கான் பயணமும் புயலும் நாவலில் எவ்விடத்தில் வருகின்றன, அதற்கு முன் பாண்டியன் எத்தகையவன், பின் எத்தகையவன், தலைப்பு ஏன் அக்காட்சியைச் சுட்டுகிறது என்று மாணவர் கண்டறிய வேண்டும்.

இரண்டாவது, ஆவணம் என்ன சொல்கிறது? இங்குக் காலமும் இடமும் முதன்மை பெறும். ஜப்பானியர் வட சுமத்திராவில் இறங்கியது 1942 மார்ச்சில். நேதாஜி சிங்கப்பூர் வந்தது 1943 ஜூலையில். ஜப்பான் சரணடைந்தது 1945 ஆகஸ்ட் 15இல். இந்தோனேசியா விடுதலை அறிவித்தது அதற்கு இரு நாள் கழித்து. இவற்றை ஒரு பத்தியிலும் ஆசிரியர் வாழ்க்கை நிகழ்ச்சிகளை மறு பத்தியிலும் எழுதி அட்டவணையாக்கலாம். சிங்காரம் மேடானுக்கும் பினாங்குக்கும் இடையே வணிகம் செய்தவர் என்ற செய்தி, நீரிணையைப் பற்றிய அவருடைய அறிவை விளக்கும். ஆனால் அப்புயலில் அவர் சிக்கினார் என்று அது மெய்ப்பிக்காது.

மூன்றாவது, இரண்டுக்கும் இடையேயுள்ள இடைவெளியில் என்ன நிகழ்ந்தது? நூல் கூறுவதும் ஆவணம் கூறுவதும் ஒத்துப்போகும் இடத்தைவிட, ஒத்துப்போகாத இடமே மாணவர் சிந்தனைக்கு உரியது. ஏன் மாற்றினார், ஏன் சேர்த்தார், ஏன் விட்டார் என்று கேட்கும்போதுதான் படைப்பு என்னும் செயல் புலப்படத் தொடங்கும். விடை கிடைக்காத வினாவை விடையின்றியே விட்டுவைக்கவும் மாணவர் கற்க வேண்டும். தேர்வுக்குப் பழகியவர்க்கு இது அரிய பயிற்சி, எனினும் இன்றியமையாதது.

இவ்வரிசையைத் தலைகீழாக்கி, வாழ்க்கைக் குறிப்பில் தொடங்கினால், நாவல் அக்குறிப்புக்குச் சான்று தேடும் ஏடாகச் சுருங்கிவிடும். முதல் பாடத்தில் சொல்லும் பிறந்த ஊரும் பரிசும் பிறகு பயன்படாமற் போவதற்குக் காரணமும் இதுவே. அவை தவறான இடத்தில் வைக்கப்படுகின்றன.

முடிவுரை

வெளிநாட்டில் முனைவர்ப் பட்ட ஆய்வு மேற்கொண்டிருந்த காலத்தில், ஹெமிங்வேயின் கடிதங்களுக்கும் கையெழுத்துப் படிகளுக்கும் அமைந்த ஏற்பாடுகளைப் பற்றிப் படித்தபோது இக்கட்டுரையாளருக்கு ஏற்பட்ட முதல் உணர்வு வியப்பு, அடுத்தது ஏக்கம். கட்டுரையாளரின் பாட்டனார் பெக்கோக்கை அடுத்த பால்மரத் தோட்டமொன்றில் வாழ்ந்தவர். சயாமுக்குக் கொண்டுசெல்லப்பட்டுத் திரும்பாதவர்களின் பெயர்களை, அவர்கள் குடியிருந்த லயத்தின் வரிசைப்படியே ஒவ்வொருவராகச் சொல்வார். இளமையில் அது பலமுறை கேட்ட பழங்கதையாகவே தோன்றியது, எழுதிவைக்கத் தோன்றவில்லை. ஆவணத்தின் அருமையைக் கற்றுத் திரும்பியபோது அப்பெயர்களைச் சொல்ல அவர் இல்லை.

சிங்காரத்தைப் பொறுத்தும் இந்நிலைமை வேறன்று. போருக்கு முற்பட்ட மேடான், பினாங்குக் கடைத்தெருக்களை நேரில் அறிந்தவர்கள் பெரும்பாலும் மறைந்துவிட்டனர். அவர்களிடம் கேட்டிருக்கக்கூடிய செய்திகளும் அவர்களோடு சென்றுவிட்டன. எஞ்சியிருப்பவை குடும்பங்களில் வழங்கும் இரண்டாந் தலைமுறை நினைவுகள், பழைய கணக்குப் பேரேடுகள், கடிதங்கள், நிழற்படங்கள் ஆகியவையே. இவற்றைத் தேடித் தொகுக்கும் பணி பல்கலைக்கழகங்களால் மட்டும் ஆகக்கூடியதன்று. ஊர்தோறும் இருப்பவர்கள் தமிழாசிரியர்களே. ஒவ்வொரு பள்ளியிலும் மாணவர் ஒரு முதியவரைச் சந்தித்து, நாள், இடம், பெயர் ஆகியவற்றோடு அவர் கூற்றைப் பதிவு செய்தால், அது மொழிப்பாடத்துக்குச் செயல்திட்டமாகவும் அமையும். நாளைய ஆய்வாளருக்கு மூலமாகவும் அமையும்.

ஹெமிங்வே பற்றிய திறனாய்வு வரலாறு நமக்கு உணர்த்துவது இரண்டு. வாழ்க்கையைக் கொண்டு படைப்பை எளிதில் விளக்கிவிடலாம் என்ற நம்பிக்கை நிலைப்பதில்லை. வாழ்க்கை பற்றிய நம்பத்தக்க சான்றுகள் இல்லாமல் அந்நம்பிக்கையைச் சோதிக்கவும் முடிவதில்லை. புனைவையும் வாழ்வையும் பிரித்தறியும் திறன், இரண்டையும் உடன்வைத்துப் பார்க்க வாய்த்தவருக்கே கைகூடும். இரு நாவல்களை மட்டும் விட்டுச்சென்ற ப. சிங்காரத்துக்கு நாம் ஆற்றக்கூடிய கடன், அவரைப் பற்றி இனியும் புகழுரைகளைப் பெருக்குவதன்று. அவர் வாழ்ந்த காலத்தின் எஞ்சிய தடயங்களை அவை அழியுமுன் திரட்டி வைப்பதேயாகும்.